அசல் 112 ரூபாய்

போஸ்ட்மேன் கொடுத்துவிட்டுப் போன நீளக் கவர் இரண்டு நாளாக டிவி மேல் கிடந்தது. 2007 ஏப்ரல் மாதக் கடைசி. கம்பெனியில் வட்டிச் சான்று கேட்டிருந்ததால்தான் அவர் அதைப் பிரித்தார். வட்டிச் சான்றோடு, கடன் கணக்கின் ஸ்டேட்மென்ட்டும் நான்காக மடிக்கப்பட்டு உள்ளே இருந்தது. கடைசி வரியில் கண் நின்றது. தவணை 8,364. வட்டி 8,252. அசல் 112.

அச்சுப் பிழை என்றுதான் முதலில் நினைத்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மேலே இருந்த வரிகளைப் பார்த்தார். இரண்டு ஆண்டுகளுக்கு முன் முதல் தவணையில் அசலுக்கு 1,697 ரூபாய் போயிருந்தது. மாதாமாதம் அது கூடிக்கொண்டே போகும் என்றுதான் கடன் கொடுக்கும்போது சொன்னார்கள். கூடவும் செய்திருந்தது, ஓராண்டு வரைக்கும். அப்புறம் ஆயிரத்துச் சொச்சத்துக்கு இறங்கி, இப்போது 112-ல் வந்து நிற்கிறது. அந்த மாதம் பாலுக்குக் கொடுத்தது அதைவிட அதிகம்.

இத்தனைக்கும் அவர் கிண்டி தொழிற்பேட்டையில் ஒரு தொழிற்சாலையின் ஸ்டோர்ஸில் இருந்தவர். இருப்பில் நாலு போல்ட் குறைந்தாலும் எந்த ஷிப்டில் போனது என்று கண்டுபிடித்துவிடுவார். சொந்தக் கடனை இரண்டு வருடம் பார்க்காமல் விட்டதற்கு அவர் சொன்ன காரணம் ஒன்றே ஒன்று: தவணை மாறவே இல்லை. ஒவ்வொரு மாதமும் 5-ஆம் தேதி அதே 8,364 ரூபாய். மாறாத ஒன்றை யார் எடுத்துப் பார்ப்பார்கள்?

சேலையூரில் அந்த வீட்டுக்கு முன்பணம் கொடுத்தது 2004-ல். இரண்டு படுக்கையறை, விலை 12 லட்சம். அப்போது வீட்டுக் கடன் வட்டி மிகவும் தாழ்ந்திருந்த நேரம். வாடகைக்குக் கொடுக்கும் பணத்தைத் தவணையாகக் கட்டினால் வீடு நமக்கே சொந்தம் என்று ஆபீஸில் ஆளாளுக்குப் பேசினார்கள். அவர் கொடுத்துக்கொண்டிருந்த வாடகை 3,500. கட்டப்போகும் முதல் மாத வட்டி மட்டுமே 6,667. இரண்டையும் அருகருகே எழுதிப் பார்க்க அன்றைக்கு அவருக்குத் தோன்றவில்லை.

கட்டி முடிப்பதற்கு முன்னாலேயே பணம் போகத் தொடங்கியது. அஸ்திவாரம், முதல் தளம், இரண்டாம் தளம் என்று கட்டடம் எழும்ப எழும்பக் கடன் நிறுவனம் பில்டருக்குப் பணத்தை விடுவித்தது. விடுவித்த தொகைக்கு மட்டும் வட்டி, அதற்குப் பெயர் ப்ரீ இ.எம்.ஐ. அதில் எத்தனை மாதம் கட்டினாலும் அசலில் ஒரு ரூபாய்கூடக் கழியாது. பில்டர் தாமதித்த மாதங்களில் ஒரு கையால் வாடகை, மறு கையால் ப்ரீ இ.எம்.ஐ. என்று ஓடியது.

முழுக் கடன் 2005 மார்ச்சில் கைக்கு வந்தது: 10 லட்சம், 8 சதவீதம், மாறும் வட்டி, 240 மாதம். இதில் வீட்டுக்கென்று போனது 9 லட்சத்து 65 ஆயிரம்தான். பாக்கி 35,000, "உங்களுக்கு ஏதாவது ஆயிட்டா குடும்பத்துக்குப் பாரம் வரக்கூடாது இல்லையா சார்" என்று சொல்லி எடுக்க வைத்த காப்பீட்டின் ஒரே தவணை பிரீமியம். கையிலிருந்து எதுவும் போகாததால் அது இலவசம்போலத் தெரிந்தது. 35,000 ரூபாயும் கடனோடு சேர்ந்து 240 மாதம் ஓடினால் 70,000-ஐத் தாண்டும். அந்தக் கணக்கை யாரும் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை.

பத்திரத்தை ஒப்படைத்த அன்று ஒரு சின்னச் செய்தியைச் சட்ட ஆலோசகர் சொன்னார். பத்திரத்தைக் கொண்டுபோய்க் கையில் கொடுப்பதாலேயே அடமானம் ஏற்பட்டுவிடும் என்ற முறை 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டத்தில் இருக்கிறது. தொடக்கத்தில் கல்கத்தா, மெட்ராஸ், பம்பாய் நகரங்களை அந்தச் சட்டம் பெயர் சொல்லியே குறிப்பிட்டது. "நம்ம ஊருக்கு அந்தப் பெருமை உண்டு சார்" என்று சிரித்தபடி அவர் பத்திரத்தை வாங்கிக் கவரில் போட்டார்.

மதுரையில் இருந்த அப்பாவுக்குப் போன் செய்து சொன்னபோது, அவர் வட்டியைத் தன் பாணியில் மாற்றிப் பார்த்தார். "வருசத்துக்கு எட்டுன்னா நூத்துக்கு மாசம் அறுபத்தாறு பைசா. அறுபத்தாறு பைசா வட்டிக்கு இந்தக் காலத்துல யாருப்பா குடுக்குறா? சரி, எத்தன வருசத்துக்கு?"

"இருபது வருஷம்பா."

மறுமுனையில் சத்தம் இல்லை. பிறகு, "வட்டி மட்டும் எம்புட்டு வரும்?" என்றார்.

அப்பாவின் வாழ்க்கை முழுக்க ஒத்தி வீடுகளில் கழிந்தது. மதுரைப் பக்கம் அது சகஜம். 1988-ல் சிம்மக்கல்லில் 30,000 ரூபாய் ஒத்திக்குக் குடியேறினார். மூன்று வருடம் வாடகை கிடையாது. வீட்டுக்காரர் பணத்துக்கு வட்டி தரமாட்டார். காலி செய்யும்போது அதே 30,000-ஐத் திருப்பிக் கொடுத்தார். பணத்தின் வட்டிதான் வாடகை. அந்தக் கணக்கில் பழகியவருக்கு வட்டி என்பது கண்ணுக்குத் தெரிகிற ஒரு பொருள். அவர் கேட்ட கேள்விக்கு மகனிடம் விடை இல்லை. கடன் அனுமதிக் கடிதத்தில் தவணைத் தொகை தடித்த எழுத்தில் இருந்தது. மொத்தம் எவ்வளவு கட்ட வேண்டும் என்பது எங்கும் இல்லை. 8,364-ஐ 240-ஆல் பெருக்கினால் போதும், 20 லட்சத்து 7 ஆயிரம் வந்துவிடும். வாங்கியதைப்போல் இரண்டு மடங்கு. அந்தப் பெருக்கலை அவர் போட்டது இரண்டு வருடம் கழித்து, 112 ரூபாயைப் பார்த்த ராத்திரி.

அன்று ராத்திரி மனைவிக்கு ஸ்டேட்மென்ட்டைக் காட்டினார். அந்த அம்மா நகைக் கடனில் தேர்ந்தவர். "நகையை வெச்சா ரசீதுல அசல் இவ்வளவு, வட்டி இவ்வளவுன்னு எழுதித் தர்றான். வட்டியை மட்டும் கட்டி மாத்தி வெச்சா நகை அங்கேயேதான் இருக்கும். நாம இப்ப அதைத்தானேங்க பண்ணிட்டு இருக்கோம்?" என்றார். சரியாகத்தான் சொன்னார். வீட்டை மாதாமாதம் மாற்றி வைத்துக்கொண்டிருந்தார்கள்.

மறுநாள் அக்கவுண்ட்ஸில் புதிதாகச் சேர்ந்திருந்த பெண்ணிடம் தாளை நீட்டினார். அந்தப் பெண் எக்செல்லைத் திறந்து, என்.பி.இ.ஆர். என்ற சூத்திரத்தில் மூன்று எண்களைப் போட்டாள். பாக்கி அசல் 9,66,079. வட்டி 10.25 சதவீதம். தவணை 8,364. விடை வந்ததும் ஒருமுறை அழித்துவிட்டு மறுபடி போட்டுப் பார்த்தாள்.

"சார், இன்னும் 507 மாசம் வருது."

507 மாதம் என்றால் 42 ஆண்டு 3 மாதம். அப்போது அவருக்கு வயது 40.

நடந்தது இதுதான். பணவீக்கத்தைப் பிடிக்க ரிசர்வ் வங்கி, வங்கிகளுக்குத் தான் தரும் கடனின் வட்டியான ரெப்போ விகிதத்தை ஏற்றிக்கொண்டிருந்தது. 2005 தொடக்கத்தில் 6 சதவீதமாக இருந்தது, 2007 மார்ச் 30-ல் 7.75 ஆனது. கடன் நிறுவனங்கள் தம் பங்குக்கு ஏற்றின. அவருடைய வட்டி 8-லிருந்து 9 ஆகி, 10.25-ல் நின்றது. வட்டி ஏறும்போது தவணையை ஏற்றினால் வாடிக்கையாளர் பதறிப்போய் ஓடி வருவார். மாதங்களை ஏற்றினால் யாரும் வரமாட்டார்கள். அதனால் தவணையைத் தொடாமல் மாதத்தை நீட்டினார்கள். அதற்குமேல் நீட்ட இடமில்லாமல் போகும்போதுதான் கடிதம் வரும். அவருக்கும் இரண்டு வாரத்தில் வந்தது: தவணையை உயர்த்தச் சம்மதம் கேட்டு.

அக்கவுண்ட்ஸ் பெண் இன்னொரு கணக்கும் போட்டுக் கொடுத்தாள். பழைய கெடுவுக்குள்ளேயே, அதாவது பாக்கியிருக்கும் 216 மாதத்தில் முடிக்க வேண்டுமென்றால் தவணை 9,815. கூடுதலாக மாதம் 1,451 ரூபாய். 8,364 வீதம் 507 மாதம் கட்டினால் மொத்தம் 42 லட்சத்து 40 ஆயிரம். 9,815 வீதம் 216 மாதம் கட்டினால் 21 லட்சத்து 20 ஆயிரம். சரிபாதி. ஒரே கடன், ஒரே வட்டி, ஒரே வீடு. மாதம் 1,451 ரூபாய் தராமல் விட்டால் அதற்கு விலை 21 லட்சம்.

அந்தத் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, அன்றே பர்மிஷன் போட்டுவிட்டு, தவணையை உயர்த்தக் கடன் நிறுவனத்தின் கிளைக்குப் போனார்.

மாதத் தவணைக் கடனின் சூட்சுமம் முழுக்க அந்தத் தாளில் இருந்தது. வட்டி என்பது அந்த மாதத்தில் பாக்கியிருக்கும் அசலுக்கு. தொடக்கத்தில் அசல் முழுசாக இருப்பதால் தவணையின் பெரும்பகுதியை வட்டி விழுங்கிவிடுகிறது. அவர் முதல் ஆண்டில் கட்டியது 1,00,368 ரூபாய், அதில் அசலில் கழிந்தது 21,132 மட்டுமே. வட்டி 8 சதவீதத்திலேயே அசையாமல் நின்றிருந்தால்கூட, 20 ஆண்டுக் கடனில் பாதி அசல் கழிவதற்கு 13 ஆண்டு 8 மாதம் ஆகியிருக்கும். 'பத்து வருஷம் கட்டிட்டோம், பாதி முடிஞ்சிருக்கும்' என்று நினைப்பவர்கள் பாக்கியைக் கேட்டுவிட்டு ஏமாந்து நிற்பது இதனால்தான்.

கடன் விற்பவர்களின் பேச்சு மாதத்தை நீட்டுவதிலேயே சுற்றிவரும். 'முப்பது வருஷமா போட்டுக்கலாம் சார், இ.எம்.ஐ. குறையும்.' குறையத்தான் செய்யும். 50 லட்சம் ரூபாய்க்கு 8.5 சதவீதத்தில் 20 ஆண்டுக்குத் தவணை 43,391. அதையே 30 ஆண்டாக்கினால் 38,446. மாதம் 4,945 ரூபாய் குறைகிறது. மொத்தமாகக் கட்டும் தொகையோ 1 கோடியே 4 லட்சத்திலிருந்து 1 கோடியே 38 லட்சத்துக்கு ஏறுகிறது.

2008-ல் வட்டி இன்னும் ஏறியது. அவருக்கு 11.25. தவணையை அவராகவே 11,000 ஆக்கினார். போனஸில் ஒரு பகுதியை அசலில் கட்டலாமென்று போனால், முன்கூட்டியே கட்டும் தொகைக்கு 2 சதவீதம் கட்டணம் என்றார்கள். கடனைச் சீக்கிரம் அடைப்பதற்கு அபராதம் கட்டச் சொல்வது அவருக்கு விளங்கவே இல்லை. பணத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டு வந்துவிட்டார்.

அடுத்த கோபம் 2009-ல் வந்தது. உலக நிதி நெருக்கடியை ஒட்டி ரிசர்வ் வங்கி ரெப்போவை 9 சதவீதத்திலிருந்து ஏழே மாதத்தில் 4.75-க்கு இறக்கியது. பேப்பரில் புதுக் கடனுக்குக் குறைந்த வட்டி என்று பக்கம் பக்கமாக விளம்பரம். அவருடைய 11.25 மட்டும் அசையவில்லை. ஏறும்போது உடனே ஏறிய வட்டிக்கு இறங்கும்போது வழி தெரியவில்லை. நிறுவனமே வைத்துக்கொள்ளும் ஓர் அடிப்படை விகிதம், அதிலிருந்து ஆளுக்கொரு தள்ளுபடி என்பதுதான் அப்போதைய ஏற்பாடு. புதிதாக வருபவருக்குத் தள்ளுபடி அதிகம், பழையவருக்குக் குறைவு. நச்சரித்ததில் 2010-ல் ஒரு வழி சொன்னார்கள். பாக்கியில் அரை சதவீதம், சுமார் 4,450 ரூபாய் மாற்றுக் கட்டணம் கட்டினால் 10 சதவீதத்துக்கு இறக்கித் தருவார்கள். கட்டிய பணம் வட்டிக் குறைப்பிலேயே ஐந்து மாதத்தில் திரும்ப வந்துவிட்டது. கேட்காதவர்கள் 11.25-லேயே இருந்தார்கள்.

இந்தக் குழப்பம் அவர் ஒருவருடையது அல்ல என்பதை அடுத்தடுத்து வந்த விதிகள் காட்டின. வங்கிகளுக்கு 2010 ஜூலை 1 முதல் பேஸ் ரேட் என்ற அடிப்படை வட்டி விகிதம் வந்தது. 2016 ஏப்ரலில் அதற்குப் பதில் எம்.சி.எல்.ஆர். முறை வந்தது. 2019 அக்டோபர் 1 முதல் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்ட வேண்டும் என்றானது. அவருக்கு உண்மையில் கைகொடுத்தது வேறொன்று. மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்குக் கட்டணம் வாங்கக் கூடாது என்று வீட்டுக் கடன் நிறுவனங்களுக்கு 2011 அக்டோபரிலும் வங்கிகளுக்கு 2012 ஜூனிலும் உத்தரவு வந்தது.

அதற்காகவே காத்திருந்ததுபோல 2012 ஏப்ரலில் 75,000 ரூபாயைக் கொண்டுபோய் அசலில் கட்டினார். மாதத் தவணையையும் 12,000 ஆக்கினார். அடுத்த மூன்று ஏப்ரலிலும் 75,000. போனஸ், முதிர்ந்த சீட்டு, ஒருமுறை மனைவியின் இரண்டு வளையல்கள். ஒவ்வொரு முறையும் கவுன்ட்டரில் ஒரே வாக்கியத்தைத் திருப்பிச் சொல்ல வேண்டியிருந்தது: "தவணையைக் குறைக்க வேண்டாம், மாசத்தைக் குறைங்க." சொல்லாவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிட்டு மாதத்தை அப்படியே விட்டுவிடுவார்கள்.

ஆபீஸில் அறிவுரைக்குப் பஞ்சமில்லை. "எதுக்கு சார் அவசரப்படுறீங்க? வரிச் சலுகை போயிடும்." குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு ஒன்றரை லட்சம் வரை வருமானத்தில் கழித்துக்கொள்ளலாம். 2014-15 முதல் அது 2 லட்சம் ஆனது. அவர் 20 சதவீத வரி வரம்பில் இருந்தவர். 100 ரூபாய் வட்டி கட்டினால் 20 ரூபாய் 60 பைசா வரி மிச்சம். மீதி 79 ரூபாய் 40 பைசா அவர் பையிலிருந்து போவதுதான். புதிய வருமான வரி முறையில் இருப்பவர்களுக்குக் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தச் சலுகையும் இப்போது கிடையாது.

எதிர்க்கட்சி வாதமும் உண்டு, அதை அவர் மறுப்பதில்லை. 2005-ல் சம்பளத்தில் பாதியைத் தின்ற தவணை, பத்து வருடம் கழித்து அவ்வளவாகக் கடிக்கவில்லை. சம்பளம் ஏறுகிறது, ரூபாய் தேய்கிறது. இருபது வருடம் கழித்துக் கட்டப்போகும் 8,364-ம் இன்றைய 8,364-ம் ஒன்றல்ல. வீட்டின் மதிப்பும் ஏறியிருந்தது. கடனே வாங்கியிருக்கக் கூடாது என்று ஒருநாளும் அவர் சொன்னதில்லை. அந்த இரண்டு வருடம் கணக்கை எடுத்துப் பார்க்காமல் விட்டதைத்தான் சொல்லுவார்.

2016 ஏப்ரலில் பாக்கி ஒரு லட்சத்துச் சொச்சம். ஒரே காசோலையில் கட்டி முடித்தார். பதினொரு ஆண்டில் மொத்தமாகக் கொடுத்தது 18 லட்சத்து 27 ஆயிரம் ரூபாய். 8 சதவீதம் மாறாமல் இருந்திருந்தால் 20 ஆண்டில் கொடுத்திருக்க வேண்டியது 20 லட்சம். பெரும்பாலான மாதங்களில் 10-க்கும் 11-க்கும் நடுவே வட்டி கட்டியும் அதைவிடக் குறைவாகவே கொடுத்திருந்தார். மிச்சப்படுத்தியது வட்டி விகிதம் அல்ல, ஒன்பது ஆண்டு.

பத்திரம் திரும்பி வர இரண்டு மாதத்துக்கு மேல் ஆனது. எங்கோ காப்பகத்தில் இருக்கிறது என்றார்கள், இன்று வா நாளை வா என்றார்கள். முழுக் கடனும் அடைந்த 30 நாளுக்குள் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும், தங்கள் தரப்பில் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்ற விதி வந்தது 2023 டிசம்பர் 1-ல்தான். வந்த பத்திரத்தை மனைவி ஒவ்வொரு தாளாக எண்ணி வாங்கினார். நகையை மீட்கும்போது கல்லை எண்ணுவதுபோல. பஞ்ச் செய்த ஓட்டைகளைச் சுற்றி முதல் பக்கம் துருக்கறை பிடித்திருந்தது.

2023 மே மாதம். பெரும்பாக்கத்தில் தங்கை மகனின் புது வீட்டுக்குப் போயிருந்தார். மென்பொருள் நிறுவனத்தில் வேலை, வயது 31. 2021 ஆகஸ்டில் கடன் வாங்கியிருந்தான்: 40 லட்சம், 6.75 சதவீதம், 240 மாதம், தவணை 30,415. கொரோனா காலத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போவை 2022 மே 4 முதல் ரிசர்வ் வங்கி ஏற்றத் தொடங்கி, 2023 பிப்ரவரிக்குள் 6.5-க்குக் கொண்டுபோயிருந்தது. பையனின் வட்டி 9.25 ஆகியிருக்க வேண்டும். கேட்டார்.

"அதெல்லாம் ஒண்ணும் பிரச்சினை இல்ல மாமா. இ.எம்.ஐ. மாறவே இல்ல."

"போன்ல கணக்கு தெரியும்ல? எடு."

எடுத்தான். ஏப்ரல் மாதம். தவணை 30,415. வட்டி 30,000. அசல் 415.

பையன் அந்த வரியைப் பெரிதாக்கிப் பார்த்தான். சின்னதாக்கிப் பார்த்தான். பதினாறு வருடத்துக்கு முன் டிவி மேல் கிடந்த கவர் இப்போது போனுக்குள் கிடந்தது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, மாதத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரிடமே கேட்க வேண்டும் என்ற ரிசர்வ் வங்கியின் சுற்றறிக்கை மூன்று மாதம் கழித்து, ஆகஸ்ட் 18-ல் வந்தது. அன்றைக்கு அதுவும் இல்லை.

அவர் ஒரு தாள் கேட்டார். போனிலேயே கணக்குப் போட்டு எண்களை எழுதினார். இப்படியே விட்டால் 559 மாதம், மொத்தம் 1 கோடியே 70 லட்சம். தவணையைச் சுமார் 36,700 ஆக்கினால் 221 மாதம், 81 லட்சம்.

பையன் இரண்டாவது வரியையே பார்த்துக்கொண்டிருந்தான். "மாசம் ஆறாயிரத்து முந்நூறு அதிகமா கட்டணும் மாமா" என்றான், கார் தவணையையும் மனதில் கூட்டிக்கொண்டு.

காபி டம்ளர்களை எடுக்க வந்த அவன் மனைவி தாளை எட்டிப் பார்த்தாள். விரலால் முதல் வரியைத் தொட்டாள்.

"மாமா, இந்த ஐந்நூத்து அம்பத்தொன்பது ரூபாயா, மாசமா?"

"மாசம்மா."

டம்ளர்களை அப்படியே வைத்துவிட்டு, அவளும் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.